முளையிலே அறுத்த பயிர்

விளையும் பயிர் முளையிலே தெரியும் என்பது தமிழர் நாவில் நெடுங்காலமாக வழங்கிவரும் பழமொழி. பாட்டிலோ கூத்திலோ கணக்கிலோ இளமையிலேயே திறமை காட்டும் பிள்ளையைக் கண்டால் ஊரார் இதைச் சொல்லிப் பாராட்டுவர். பெற்றோர் கேட்டுப் பூரிப்பர். ஆனால், முளையிலே தெரிந்த பயிரை முளையிலேயே அறுத்துக் களஞ்சியத்தில் சேர்த்துவிட்டால் என்ன ஆகும்? இக்கேள்விக்கு அமெரிக்கத் திரைப்பட வரலாற்றில் ஒரு சிறுமியின் வாழ்க்கையே விடையாக அமைந்திருக்கிறது.

பேசாப் படக் காலத்தின் சார்லி சாப்ளினைத் தமிழர் நன்கு அறிவர். அவரோடு நடித்துப் புகழ்பெற்ற சிறுவன் ஜாக்கி கூகனையும் பலர் அறிவர். பேசும் படக் காலத்தில் சுருள்முடியும் புன்சிரிப்புமாக வந்த ஷர்லி டெம்பிளை அறியாதார் இலர். இவ்விருவருக்கும் நடுவே, சில ஆண்டுகளே ஒளிவீசி மறைந்த பேபி பெகியை அறிந்தவரோ மிகச் சிலர். ஐந்து வயதில் ஆண்டுக்கு 15 இலட்சம் டாலர் ஈட்டுபவள் என்று பேசப்பட்டவள் அவள். வளர்ந்து பெரியவளானபோது அந்தச் செல்வத்தில் ஒரு காசும் அவள் கையில் இல்லை.

குதிரைவீரரின் மகள்

பெகி ஜீன் மான்ட்கோமரி என்பது அவளுடைய இயற்பெயர். கலிபோர்னியா மாநிலத்தில் 1918-ஆம் ஆண்டு அக்டோபர் 29-ஆம் நாள், ஒரு குடும்பத்தின் இரண்டாவது பெண்ணாக அவள் பிறந்தாள். தந்தை ஜாக் மான்ட்கோமரி குதிரைமீதேறி மாட்டு மந்தைகளை ஓட்டிப் பழகியவர். மேற்குப் பகுதியின் பண்ணைகளில் அத்தகைய ஆட்களுக்கு வேலை குறைந்துகொண்டே வந்த காலம் அது. அவர்களுள் பலர் ஹாலிவுட்டை நாடிச் சென்றனர். குதிரைச் சண்டைப் படங்களில் விழவும் உருளவும் பாயவும் அவர்கள் தேவைப்பட்டனர். ஜாக்கும் அவ்வாறே சென்றார். அக்காலத்தில் பெரும்புகழ் பெற்றிருந்த டாம் மிக்ஸ் என்ற நடிகருக்குப் பதிலாக ஆபத்தான காட்சிகளில் நடிக்கும் வேலை அவருக்குக் கிடைத்தது.

பெகி பிறந்த ஆண்டை மற்றொரு காரணத்துக்காகவும் நினைவிற் கொள்ளவேண்டும். 14 வயதுக்குட்பட்ட சிறுவர் உழைக்கும் ஆலைகளின் சரக்கு மாநில எல்லை கடந்து விற்கப்படக் கூடாது என்று அமெரிக்க நாடு 1916-ஆம் ஆண்டில் ஒரு சட்டம் இயற்றியிருந்தது. அந்நாட்டின் உச்ச நீதிமன்றம் 1918-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் அச்சட்டம் செல்லாது எனத் தீர்ப்பளித்தது. ஆகவே, நாடு முழுவதுக்கும் பொதுவான சிறுவர் உழைப்புச் சட்டம் ஒன்று வீழ்ந்த ஆண்டிலேயே பெகி பிறந்தாள் எனலாம். வீழ்ந்த அச்சட்டமும் ஆலைகளையும் சுரங்கங்களையும் பற்றியதே. படப்பிடிப்புக் கூடத்தையும் ஒரு தொழிற்சாலையாக எண்ணிப் பார்க்க அப்போது யாருக்கும் தோன்றவில்லை.

கண்டெடுத்த குழந்தை

பெகிக்கு 19 மாதம் நடந்தபோது, அவளுடைய தாய் தோழி ஒருத்தியுடன் ஹாலிவுட்டின் சன்செட் பெருஞ்சாலையிலிருந்த செஞ்சுரி படக்கூடத்துக்குச் சென்றார். குழந்தையையும் உடன் கொண்டு சென்றார். அங்கே சிறிய நகைச்சுவைப் படங்கள் மிகுதியாகத் தயாராகிக் கொண்டிருந்தன. பிரௌனி என்ற நாய் அக்கூடத்தின் நட்சத்திரமாக விளங்கிற்று. பிரெட் பிஷ்பாக் என்ற இயக்குநர் குழந்தையைப் பார்த்தார். அவரைக் கவர்ந்தது அவளுடைய அழகு மட்டுமன்று. அழாமல், அடம் பிடிக்காமல், இருக்கச் சொன்ன இடத்தில் இருந்தாள். தந்தை சொன்னதை உடனே செய்தாள். அதுவே அவரைப் பெரிதும் வியக்கவைத்தது. நாயோடு சேர்த்து நடிக்கவைக்க இத்தகைய குழந்தையே ஏற்றவள் என்று முடிவு செய்தார்.

‘பிளேமேட்ஸ்’ என்னும் முதற்படம் 1921-ஆம் ஆண்டில் வெளிவந்தது. மக்கள் அதை விரும்பிப் பார்த்தனர். உடனே நீண்டகால ஒப்பந்தம் ஒன்று எழுதப்பட்டது. தன் பெயரை எழுதவும் அறியாத குழந்தைக்காகப் பெற்றோரே கையொப்பமிட்டனர்.

பேசாப் படத்தின் இரகசியம்

இந்த இடத்தில் பேசாப் படம் எடுக்கும் முறையைச் சிறிது விளக்குதல் தகும். அம்முறையை அறிந்தால்தான் இக்குழந்தையின் திறமை எதுவென்பது விளங்கும்.

பேசும் படத்தில், கருவி ஓடத் தொடங்கியதும் கூடத்தில் ஊசி விழுந்தாலும் கேட்கும் அமைதி வேண்டும். நடிகர் முன்னரே பாடம் செய்ததை நினைவிற்கொண்டு தாமாக நடித்தாக வேண்டும். பேசாப் படத்தில் ஒலி பதிவாவதில்லை. ஆகையால், படம் பிடிக்கப்பட்டுக் கொண்டிருக்கும்போதே இயக்குநர் உரத்த குரலில் ஏவிக்கொண்டிருக்கலாம். ‘இப்போது திரும்பு, சிரி, திடுக்கிடு, ஓடு’ என்று ஒவ்வொரு நொடியும் சொல்லிக் கொடுக்கலாம். திரையில் பார்ப்போருக்கு அக்குரல் கேட்பதில்லை; குழந்தையின் முகம் மட்டுமே தெரியும். அது தானாகவே சிரித்தது, தானாகவே அழுதது என்று அவர்கள் எண்ணி வியப்பர்.

எனவே, இரண்டு வயதுக் குழந்தை கதையைப் புரிந்துகொள்ள வேண்டுவதில்லை. கேட்ட குரலுக்கு உடனே பணிந்தால் போதும். குதிரைகளோடு வாழ்ந்த ஜாக் மான்ட்கோமரி, தம் மகள்களையும் மறுபேச்சின்றிக் கீழ்ப்படியப் பழக்கியிருந்தார். பெகியின் வெற்றிக்குக் காரணம் கலைத்திறன் அன்று, தாம் கற்பித்த கீழ்ப்படிதலே என்பது அவருடைய கருத்து. கூற்றில் உண்மை இல்லாமலில்லை. ஆனால், ஏவிய குரலுக்குப் பல குழந்தைகள் பணியக்கூடும்; பணிந்த அந்நொடியிலேயே முகத்தில் குறும்பும் கோபமும் ஏளனமும் மாறி மாறித் தோன்றச் செய்வது எல்லாக் குழந்தைகளுக்கும் கைவராது. தந்தை தம் பயிற்சியைக் கண்டார். மகளின் கலையைக் காணவில்லை.

மூன்று ஆண்டில் 150 படங்கள்

1921 முதல் 1924 வரை செஞ்சுரி கூடத்துக்காகப் பெகி நடித்த சிறு படங்கள் 150-க்கும் மேற்பட்டவை என்பர். பெரும்பாலானவை இரண்டு சுருள் கொண்டவை. ஏறத்தாழ 20 நிமிடம் ஓடுபவை. வாரத்தில் ஆறு நாள், நாளொன்றுக்கு எட்டு மணி நேரம் அவள் உழைத்தாள். வயது வந்த தொழிலாளர் எட்டு மணி நேர வேலைக்காகப் போராடிக் கொண்டிருந்த காலத்தில், பால்பல் விழாத ஒரு குழந்தை அதே எட்டு மணி நேரத்தை உழைத்துக் கொடுத்தாள்.

இப்படங்களின் நகைச்சுவை பெரும்பாலும் ஒரே அச்சில் வார்க்கப்பட்டது. பெரியோர் நடித்துப் புகழ்பெற்ற படங்களைக் கேலி செய்து, அப்பாத்திரங்களைச் சிறுமிக்குக் கொடுப்பர். ரூடால்ப் வாலன்டினோ, போலா நெக்ரி, மேரி பிக்போர்டு முதலிய பெருநடிகர்களின் நடை, உடை, முகபாவனை எல்லாவற்றையும் அவள் நடித்துக் காட்டினாள். ‘கார்மன் ஜூனியர்’ என்ற படத்தில் ஸ்பெயின் நாட்டு நாயகியின் கோலத்தில் தோன்றினாள். மூலத்தை அறிந்தவர்க்கே நகல் சிரிப்பூட்டும். ஆகவே, இவை குழந்தைகளுக்காக எடுக்கப்பட்ட படங்கள் அல்ல. குழந்தையைக் கொண்டு பெரியோருக்காக எடுக்கப்பட்டவை. ‘ஹான்சல் அண்டு கிரெட்டல்’ போன்ற குழந்தைக் கதைகளும் இடையிடையே படமாயின.

புகழ் விரைவிலேயே வந்தது. ஐந்து வயது நிரம்புமுன் அவளுக்கு வந்த இரசிகர் கடிதங்கள் 12 இலட்சத்தைத் தாண்டின என்று கணக்கிட்டனர். அவள் உருவில் பொம்மைகள் செய்து விற்றனர். 1923-ஆம் ஆண்டில் யூனிவர்சல் நிறுவனம் ‘தி டார்லிங் ஆப் நியூயார்க்’ என்ற முழுநீளப் படத்தில் அவளை நடிக்கவைத்தது. அடுத்த ஆண்டில் சால் லெசர் என்ற தயாரிப்பாளர் ‘கேப்டன் ஜனவரி’ படத்தை எடுத்தார். கடலில் தப்பிக் கரையேறிய குழந்தையை, கலங்கரை விளக்கத்தைக் காக்கும் முதியவர் ஒருவர் கைம்மாறு கருதாமல் வளர்க்கும் கதை அது. 1936-ஆம் ஆண்டில் இதே கதையில் ஷர்லி டெம்பிள் நடித்துப் பெயர் பெற்றாள்.

தீயிலும் நீரிலும்

திரைக்குப் பின்னால் நடந்தது வேறு கதை. கடினமான காட்சிகளில் பெரிய நடிகருக்குப் பதில் நடிக்க ஜாக் மான்ட்கோமரி போன்றோர் இருந்தனர். அவருடைய மகளுக்குப் பதில் நடிக்க யாரும் இல்லை. கடற்கரைப் படம் ஒன்றில் அவள் மூர்ச்சையாகும் வரை நீருக்குள் அமிழ்த்திப் பிடிக்கப்பட்டாள். ‘மைல்ஸ் ஆப் ஸ்மைல்ஸ்’ படத்துக்காக இரயில் வண்டியின் அடியில் தொற்றிக்கொண்டு சென்றாள். ‘தி டார்லிங் ஆப் நியூயார்க்’ படத்தில் எரியும் அறையினுள் தனியே விடப்பட்டு, வழி கண்டு வெளியேறவேண்டியவளானாள். படக்கூடத்தில் விலங்குகள் வதைக்கப்பட்டதையும், யானை ஒன்று தன்னைப் பழக்கியவரை நசுக்கிக் கொன்றதையும் அக்குழந்தையின் கண்கள் கண்டன.

பெற்றோர் கொடியவர் என்று இதனால் முடிவு கட்டிவிடலாகாது. குதிரையிலிருந்து விழுவதே பிழைப்பாகக் கொண்ட தந்தைக்கு ஆபத்து அன்றாட உணவாக இருந்தது. தாம் செய்வதை மகளும் செய்கிறாள் என்றே அவர் எண்ணியிருக்கக்கூடும். ஆனால், அவர் தம் விருப்பத்தால் விழுந்தார். மறுக்கும் உரிமையும் அவருக்கு இருந்தது. மகளுக்கு அவர் கற்பித்த முதற்பாடமே மறுக்கக் கூடாது என்பதுதான். வேண்டாம் என்று சொல்லவும் தெரியாத கீழ்ப்படிதல் நற்குணமாகுமா என்பது பிள்ளைகளை வளர்ப்போரும் பயிற்றுவிப்போரும் எண்ணிப் பார்க்கவேண்டிய கேள்வி.

1924-ஆம் ஆண்டின் இரு காட்சிகள்

1924-ஆம் ஆண்டு ஜூன் 2-ஆம் நாள், 18 வயதுக்குட்பட்டோரின் உழைப்பை ஒழுங்குபடுத்த நாட்டின் சட்டமன்றத்துக்கு அதிகாரம் அளிக்கும் அரசியலமைப்புத் திருத்தம் ஒன்றை அமெரிக்க மேலவை நிறைவேற்றியது. கீழவை அதை ஏப்ரல் மாதத்திலேயே ஏற்றிருந்தது. ஆயினும், போதிய மாநிலங்கள் ஒப்புதல் தராமையால் அத்திருத்தம் நடைமுறைக்கு வரவேயில்லை.

அதே ஜூன் மாத இறுதியில் நியூயார்க் நகரில் ஜனநாயகக் கட்சியின் மாநாடு கூடிற்று. 103 முறை வாக்கெடுத்த பின்னரே வேட்பாளரைத் தேர்ந்தெடுக்க முடிந்த அந்த மாநாட்டுக்கு நற்சின்னமாகப் பேபி பெகியைக் கொண்டுவந்து நிறுத்தினர். பின்னாளில் நாட்டின் தலைவரான பிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டின் பக்கத்தில் நின்று அவள் கொடியசைத்தாள். கூட்டம் ஆரவாரித்தது. மேடைமேல் நின்ற சிறுமி வாரம் ஆறு நாள் உழைக்கும் தொழிலாளி என்பது ஆரவாரித்தவர் நெஞ்சில் தோன்றியிருக்குமா? ஆலையில் வேலை செய்யும் குழந்தையைக் கண்டு இரங்கிய நாடு, திரையில் வேலை செய்யும் குழந்தையைக் கண்டு கைதட்டியது. சிரித்த முகமாக இருந்தமையால் உழைப்பு உழைப்பாகவே தெரியவில்லை.

பணம் போன வழி

ஈட்டிய பணம் வீடாகவும், மோட்டார் வண்டிகளாகவும், ஆடை அணிகளாகவும் கரைந்தது. பிள்ளைகளின் கல்விக்கென்றோ எதிர்காலத்துக்கென்றோ தனியே எதுவும் எடுத்து வைக்கப்படவில்லை. நம்பிக் கணக்குகளை ஒப்படைத்திருந்த உறவினர் ஒருவரும் பெருந்தொகையைக் கவர்ந்து கொண்டார்.

1925-ஆம் ஆண்டில் ஊதியத்தைப் பற்றித் தந்தைக்கும் தயாரிப்பாளர் சால் லெசருக்கும் பூசல் மூண்டது. ஒப்பந்தம் இரத்தாயிற்று. பின்னர் எந்தப் படக்கூடமும் அவளை அழைக்கவில்லை. ‘ஏப்ரல் பூல்’ என்ற படத்தில் 1926-ஆம் ஆண்டில் கிடைத்த சிறு வேடமே பேசாப் படத்தில் அவளுடைய கடைசி வேடம். ஏழு வயதிலே அவள் பழைய நட்சத்திரமாகிவிட்டாள்.

ஆயினும் உழைப்பு நின்றபாடில்லை. ஆட்டம், பாட்டு, வித்தை, நகைச்சுவை எல்லாம் கலந்த பல்சுவை மேடை நிகழ்ச்சிகள் அக்காலத்து அமெரிக்காவில் பரவலாக நடந்தன. ஊர் ஊராகச் சென்று அவற்றில் அவள் 1929 வரை நடித்தாள். ஒவ்வொரு நிகழ்ச்சிக்கும் அவள் கையில் கொடுக்கப்பட்டது ஐந்து சென்ட் நாணயம் ஒன்று. மிச்சமிருந்த பணத்தைக் கொண்டு தந்தை வயோமிங் மாநிலத்தில் பண்ணை ஒன்றை வாங்கினார். 1929-ஆம் ஆண்டின் பங்குச் சந்தை வீழ்ச்சியில் அதுவும் கைவிட்டுப் போயிற்று. குடும்பம் ஹாலிவுட்டுக்கே திரும்பியது. ஒருகாலத்தில் தன் பெயரைச் சுவரொட்டிகளில் கண்ட பெண், பேரில்லாத துணை வேடங்களுக்காகக் கூட்டத்தோடு கூட்டமாக நின்றாள்.

பிள்ளையின் கூலி யாருடையது?

அக்காலச் சட்டத்தின்படி இவையனைத்தும் குற்றமல்ல என்பதே வியப்புக்குரியது. வயது வராத பிள்ளையின் ஊதியம் பெற்றோருக்கே உரியது என்று கலிபோர்னியாவின் சட்டம் கருதியது. இதை நாடறியச் செய்தது ஜாக்கி கூகனின் வழக்கு. சாப்ளினுடன் நடித்த அச்சிறுவன் வளர்ந்து பெரியவனாகித் தன் பணத்தைக் கேட்டான். இல்லை என்ற விடையே கிடைத்தது. 1938-ஆம் ஆண்டில் தாயின்மீதும் மாற்றாந்தந்தையின்மீதும் வழக்குத் தொடுத்தான். முப்பது, நாற்பது இலட்சம் டாலர் ஈட்டியவனுக்கு இறுதியில் கிடைத்தது 1,26,000 டாலரே.

அதன் பயனாக 1939-ஆம் ஆண்டில் கலிபோர்னியாவில் குழந்தை நடிகர் சட்டம் பிறந்தது. கூகன் சட்டம் என்றே அதை மக்கள் வழங்கினர். குழந்தையின் ஊதியத்தில் ஒரு பகுதியை நீதிமன்றம் சேமித்து வைக்கச் செய்யலாம் என்றது அச்சட்டம். ஆனால், நீதிமன்றத்தின் ஒப்புதலுக்கு வந்த ஒப்பந்தங்களையே அது கட்டுப்படுத்தியதால், பல குழந்தைகளுக்குப் பயன்படவில்லை. சிறுவர் உழைப்பை நாடு முழுதும் கட்டுப்படுத்திய 1938-ஆம் ஆண்டின் தொழிற்சட்டமும் நடிக்கும் குழந்தைகளுக்கு விலக்களித்திருந்தது. இக்குறையைக் கலிபோர்னியா சீர்செய்தது 2000-ஆம் ஆண்டில்தான். குழந்தை நடிகரின் ஊதியம் குழந்தைக்கே உரியது என்றும், அதில் நூற்றுக்கு 15 பங்கைத் தொடமுடியாத வைப்பில் இடவேண்டும் என்றும் திருத்தம் அவ்வாண்டில் நடைமுறைக்கு வந்தது. பெகி முதற்படத்தில் நடித்து அதற்குள் ஏறக்குறைய 80 ஆண்டுகள் கடந்துவிட்டன.

வரலாறு எழுதிய நாயகி

பேபி பெகி என்ற பெயரைக் கேட்பதையே அவர் நெடுங்காலம் வெறுத்தார். 1938-க்குப்பின் திரையுலகைவிட்டு நீங்கி, பெயரையும் மாற்றிக்கொண்டு, தயானா செர்ரா கேரி ஆனார். புத்தகக் கடையில் பணிபுரிந்தார், எழுதத் தொடங்கினார். தந்தையைப் போன்ற குதிரைவீரர்கள் ஹாலிவுட்டில் பட்ட பாட்டை 1975-ஆம் ஆண்டில் நூலாக்கினார். பின்னர்க் குழந்தை நட்சத்திரங்களைப் பற்றியும், 1996-ஆம் ஆண்டில் தம் சொந்த வாழ்க்கையைப் பற்றியும், 2003-ஆம் ஆண்டில் ஜாக்கி கூகனைப் பற்றியும் நூல்கள் எழுதினார். குழந்தை நடிகர்களின் நலனுக்காகக் குரல் கொடுத்தோருடன் சேர்ந்து பாடுபட்டார். ஏவிய குரலுக்கு மட்டுமே அசைந்த குழந்தை, தன் குரலில் பேசத் தொடங்கியது அப்போதுதான்.

அவர் எழுதாமல் இருந்திருந்தால் பேபி பெகியின் கதை அழிந்தே போயிருக்கும். செஞ்சுரி கூடம் 1926-ஆம் ஆண்டில் தீப்பற்றி எரிந்தபோது அவருடைய படங்களுட் பெரும்பாலானவை சாம்பலாயின. எஞ்சியவை சிலவே. 1924-ஆம் ஆண்டில் வெளியான ‘அவர் பெட்’ என்ற சிறு படத்தின் பிரதி ஒன்று 2016-ஆம் ஆண்டில் ஜப்பானில் கண்டெடுக்கப்பட்டது. அப்போது அவர் 97 வயதைக் கடந்திருந்தார். 2020-ஆம் ஆண்டு பிப்ரவரி 24-ஆம் நாள், 101-ஆவது வயதில் அவர் மறைந்தார். பேசாப் படக் காலத்துப் பெரு நட்சத்திரங்களுள் கடைசியாக எஞ்சியிருந்தவர் அவரே என்று உலகம் அஞ்சலி செலுத்தியது.

முளையிலே அறுக்கப்பட்ட பயிர் இங்கே மீண்டும் துளிர்த்து, கதிர் முற்றியது உண்மை. ஆனால், துளிர்க்கும் என்று நம்பி எந்த உழவனும் முளையை அறுப்பதில்லை. அறுத்தால் துளிர்க்காமலே பட்டுப்போகும் முளைகளே மிகுதி என்பதை அவன் அறிவான்.